ஏப்ரன்: முன்றிலா, தரிப்பிடமா?

வணக்கம். பலாலி 2019இல் சர்வதேச விமான நிலையமானது. அங்கே தரைப்பணிக்குப் போகும் ஆசையில் இருக்கும் பிள்ளைகளுக்கு யாழ்ப்பாணத்தில் வகுப்பெடுக்கிறேன். கையேடு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். விமானம் நிற்கும் இடத்தைச் சுற்றிய சிவப்புக் கோட்டுக்குக் ‘காப்புக் கோடு’ என்று போட்டுவிட்டேன். ‘ஏப்ரன்’ என்ற சொல்லில் முட்டி நிற்கிறேன். விமானம் நின்று ஆளேற்றி, பொதியிறக்கி, எண்ணெய் நிரப்பும் தளம். ‘தரிப்பிடம்’ எனலாமா?

—

ரீச்சர், பஸ் தரிப்பிடத்தால் அந்தச் சொல் காதுக்குப் பழகியதுதான். ஆனால் ஏப்ரன் முழுத்தளம். அதற்குள் ஒவ்வொரு விமானத்துக்கும் கோடிட்டு ஒதுக்கிய இடமே தரிப்பிடம். தளத்துக்கு ‘முன்றில்’ என்று வையுங்கள். இல்முன் என்பது இடம் மாறி முன்றில் ஆனது. இலக்கணப்போலிக்குப் பள்ளியில் படித்த அதே உதாரணம். ஆங்கிலமும் சளைத்ததல்ல. ‘நேப்ரன்’ என்றிருந்ததன் ‘ந்’ ஒலியை முன்னால் நின்ற ‘a’ (ஒரு) இழுத்துக்கொண்டு ‘an’ ஆனதால்தான் ஏப்ரன் பிறந்தது. பிறழ்ந்த சொல்லுக்குப் பிறழ்ந்த சொல்!

—

ஐயா, முன்றில் சரி. ‘விமானம்’ வடசொல் அல்லவா? புறநானூற்று 27ஆம் பாட்டிலேயே ‘வலவன் ஏவா வான ஊர்தி’ இருக்கிறது. ‘வானூர்தி முன்றில்’ என்றே எழுத வேண்டும்.

—

தம்பி, அந்த ஊர்திக்கு ஓட்டுநரே இல்லை. அதற்கு முன்றில் எதற்கு? நான் வெளிநாட்டில் ஏப்ரனில் வேலை செய்தவன். இரைச்சலில் கத்தினால் காதில் விழுகிற சொல்தான் உயிரைக் காக்கும். ஏப்ரனை ஏப்ரன் என்றே விடுங்கள். என் கவலை அந்தச் சிவப்புக் கோடு. இடைவெளியில்லாமல், குறைந்தது 10 செ.மீ. அகலத்தில் கீறியிருப்பார்கள். விமானம் வரும்போது பொதிவண்டியும் ஏணியும் அதற்கு வெளியே நிற்க வேண்டும். ரீச்சர் அதற்குக் ‘காப்புக் கோடு’ என்று போட்டிருக்கிறார். காப்பு என்றதும் பிள்ளைகளுக்கு வளையலும் கோயில் விரதமும்தான் நினைவுக்கு வரும். ‘தாண்டாக் கோடு’ நேரே சொல்லும்.

—

தாண்டாமல் எப்படிப் பொதி இறக்குவது? இயந்திரம் அணைந்து, விமானத்தின் சிவப்புச் சிமிட்டு விளக்கும் நின்றபின் தாண்டித்தானே ஆக வேண்டும்?

—

அப்படியென்றால் ‘நில் கோடு’?

—

வேண்டாம். ஓடுபாதைக்கு முன் மஞ்சளில் இரண்டு முழுக்கோடும் இரண்டு விட்டுவிட்ட கோடும் இருக்கிறதே, விமானி நிற்க வேண்டியது அங்கே. இரண்டும் குழம்பும். அலுத்துவிட்டது, ‘ஏப்ரன்’, ‘சிவப்புக் கோடு’ என்றே அச்சுக்கு அனுப்புகிறேன். முன்றில் அட்டைத் தலைப்பில் மட்டும் வரும்.

—

‘செங்கோடு’ என்றாவது போடக் கூடாதா, ரீச்சர்?

—

கோடு என்றால் மலையும்தான், தம்பி. பிள்ளைகள் திருச்செங்கோட்டுக்குப் போய்விடுவார்கள்.