பிரிண்டர் மென்பொருளை நீக்கப்போய் வேறு ஏதாவது நின்றுபோன அனுபவம் உண்டா?

டிடிபி கடைக்காரன்:
2009, விண்டோஸ் எக்ஸ்பி காலம். பழைய இங்க்ஜெட் போய்ப் புதுசு வந்தது. பழையதோடு வந்த, மை அளவு காட்டும் மென்பொருளை நீக்கினேன். நடுவில் அந்தக் கேள்வி வருமே: இந்தப் பகிர்வுக் கோப்பை வேறு எதுவும் பயன்படுத்தவில்லை, அழிக்கலாமா? எல்லாவற்றுக்கும் ஆம் என்று அமுக்கிவிட்டேன்.

மறுநாள் காலை ஏழு மணி. அண்ணன் தம்பி இருவர் வந்தார்கள். பெரியவன் கையில் பாஸ்போர்ட் சைஸ் போட்டோ, மூலையில் ஸ்டேப்ளர் ஓட்டை. ஏதோ படிவத்திலிருந்து பிய்த்தது. "அப்பா தவறிட்டாருண்ணே. மூணு மணிக்கு எடுக்கிறோம். அஞ்சலி போஸ்டர் அம்பது வேணும்." போட்டோவை ஸ்கேன் செய்துவிட்டேன். பெயரை அடிக்கத் தமிழ்த் தட்டச்சு மென்பொருளைத் திறந்தால், எம்எஸ்விசிஆர்71.டிஎல்எல் என்ற பகிர்வுக் கோப்பைக் காணவில்லை என்று ஒரு பெட்டி. ஓகே கொடுத்தால் மூடிக்கொள்கிறது. நாலு தடவை திறந்து பார்த்தேன். பெரியவன் தானே ஸ்கேனர் மூடியைத் தூக்கி, போட்டோவை எடுத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "பரவால்லண்ணே" என்றான்.

ராத்திரி தேடினால், அதே கோப்பு வேறு மூன்று மென்பொருள்களின் ஃபோல்டரில் இருக்கிறது. ஒன்றை நகலெடுத்துப் போட்டேன், உடனே திறந்தது.

பள்ளி அலுவலகம்:
எனக்கு ஸ்கேனர் மென்பொருளில் எம்எஸ்விசிஆர்100 என்ற அதே வகைக் கோப்பைக் காணோம் என்று வந்தது. விண்டோஸ் 7, 64 பிட். இணையத்தில் தேடி இறக்கி, விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டேன். ஏற்கெனவே ஒன்று இருக்கிறது, மாற்றவா என்று கேட்டது. மாற்றினேன். ஸ்கேனர் அப்போதும் காணோம் என்றே சொன்னது. அதுவரை ஒழுங்காக ஓடிய சம்பளப் பட்டியல் மென்பொருள் ஏழெட்டு இலக்கப் பிழை எண்ணைக் காட்டிப் படுத்துவிட்டது. தேதி 28.

சர்வீஸ் 22 வருடம்:
இருவரும் செய்தது தப்பு. ஒவ்வொரு கோப்பாக எடுத்துப் போடவே கூடாது. மேடம், 64 பிட் விண்டோஸில் பெயர் குழப்பும்: சிஸ்டம்32-இல் இருப்பது 64 பிட் கோப்புகள், சிஸ்வாவ்64-இல் இருப்பது 32 பிட். நீங்கள் 32 பிட் கோப்பை 64 பிட் இருந்த இடத்தில் போட்டிருக்கிறீர்கள். ஸ்கேனர் மென்பொருள் 32 பிட், அது தேடியதோ சிஸ்வாவ்64-இல். சரியான வழி, அந்தக் கோப்பு அடங்கிய மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ 2010 தொகுப்பை 32, 64 இரண்டும் நிறுவுவது. கண்ட தளத்தில் இறக்கினால் கோப்போடு வைரஸும் வரும்.

கடைக்காரரே, அந்தக் கேள்வி எதை வைத்து வருகிறது தெரியுமா? விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்துவைக்கும் ரெஜிஸ்ட்ரியில் ஷேர்டு டிஎல்எல்ஸ் என்று ஒரு இடம். ஒவ்வொரு பகிர்வுக் கோப்புக்கும் ஒரு எண்ணிக்கை. நிறுவும்போது ஒன்று கூட வேண்டும், நீக்கும்போது ஒன்று குறைய வேண்டும். பூஜ்யம் ஆனால் கேட்கும். சில மென்பொருள்கள் கோப்பு அங்கே ஏற்கெனவே இருக்கிறதே என்று அதையே பயன்படுத்திக்கொள்ளும், எண்ணிக்கையைக் கூட்டாது. உங்கள் தட்டச்சு மென்பொருள் அப்படித்தான் இருந்திருக்கும். அதனால் எப்போதும் 'இல்லை' கொடுங்கள். ஒரு கோப்பு கூடுதலாகக் கிடந்தால் சில நூறு கேபி, அவ்வளவுதான். நீக்கும் முன், பழைய நிலைக்குத் திரும்ப ஒரு ரீஸ்டோர் பாயிண்ட் வையுங்கள். டிரைவர் சிடியைத் தூக்கிப் போடாதீர்கள்.

உபுண்டு பயனர்:
லினக்ஸிலும் இதே கதைதான். 64 பிட் உபுண்டுவில் லேசர் பிரிண்டர், வரிசையில் 'ஃபில்டர் ஃபெயில்டு' மட்டும் வரும். டிரைவருக்குள் ஒரு 32 பிட் நிரல். அதற்கு எந்தப் பகிர்வுக் கோப்புகள் தேவை என்று காட்டும் எல்டிடி கட்டளையைக் கொடுத்துப் பார்த்தால், லிப்பாப்ட் என்ற கோப்பின் எதிரே 'நாட் ஃபவுண்ட்'. அதன் 32 பிட் பதிப்பை நிறுவிய மறுநொடி, தேங்கிக் கிடந்த பதினோரு பக்கமும் வந்து விழுந்தது.

டிடிபி கடைக்காரன்:
சர்வீஸ் அண்ணே, 2010 தொகுப்பில் 71 வராது. அது 2003 பதிப்போடு வந்தது, அந்தந்த மென்பொருள் தன் ஃபோல்டரிலேயே வைத்துக்கொள்ள வேண்டியது. அதனால் நான் நகலெடுத்தது தப்பில்லை. 'ஆம்' அமுக்கியதுதான் தப்பு.

பையன்கள் பெயர் எழுதிக் கொடுத்த துண்டுச்சீட்டு என் மேஜையிலேயே நின்றுவிட்டது. ரெண்டு நாள் கழித்து அந்தத் தெரு வழியாகப் போனபோது, வேறு கடையில் அடித்த போஸ்டரைச் சுவரில் பார்த்தேன். சீட்டில் 'ண' போட்டிருந்த இடத்தில் 'ன' இருந்தது.