நண்டு கம்பெனி முதல் விசைப்படகு வரை: வேலையிடத்தில் பழக்கம் மாறிய அனுபவங்கள்

மண்டபம், மனிதவளப் பிரிவு

ராமநாதபுரம் மாவட்டம் மண்டபம் ஊர்ப் பக்கம் நண்டுச் சதை ஏற்றுமதி செய்யும் நிறுவனம் ஒன்றில் வேலை பார்க்கிறேன். சதை பிரிக்கும் மேசையில் இருப்பவர்கள் எல்லோரும் பெண்கள். அவித்து ஐஸில் ஆறவைத்த நண்டின் ஓட்டை உடைத்து, சதை சிதையாமல் உருவித் தரவாரியாகப் பிரிப்பார்கள். சரக்கு அமெரிக்காவுக்குப் போகிறது. உணவில் கேடு புகக்கூடிய கட்டங்களை முன்கூட்டியே கண்டறிந்து தடுக்கும் ஹாசப் (HACCP) முறையைக் கடல் உணவுக்கு அந்த நாடு 1997 டிசம்பரிலிருந்து கட்டாயமாக்கியிருப்பதால், சுகாதார விதிகளில் விட்டுக்கொடுக்க இடமில்லை. வளையல், பூ, ஊக்கு எதுவும் அறைக்குள் வரக்கூடாது. நியாயமான விதிதான். கண்ணாடி வளையலின் சில்லு ஒன்று டப்பாவுக்குள் போனால் சாப்பிடுகிறவர் வாய் கிழியும்.

நான் சேர்வதற்கு முன்பே இதற்கு அறிவிப்பும் அபராதமும் இருந்தன. ஆனாலும் தினமும் வாசலில் தகராறு. வளையலை மேலே ஏற்றி மேலங்கிக்குள் மறைத்துக்கொண்டு வருவார்கள். அபராதத்தைக் கூட்டச் சொல்லி மேலிடத்து உத்தரவு. "இவர்களுக்கு எவ்வளவு சொன்னாலும் புரியாது" என்ற பேச்சு வேறு. அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வரும். விதி எதற்கென்று அவர்களுக்கு நன்றாகவே தெரியும்.

படிக்கிற காலத்தில் மனதில் பதிந்த ஆய்வு ஒன்று உண்டு. அமெரிக்காவின் வர்ஜீனியாவில் பைஜாமா தைக்கும் ஆலையில் நடத்தி, லெஸ்டர் கோச், ஜான் பிரெஞ்சு இருவரும் 1948-இல் வெளியிட்டது. அங்கும் பெரும்பாலும் பெண்கள், அங்கும் செய்த அளவுக்குக் கூலி. வேலைமுறை மாற்றத்தை வெறும் உத்தரவாக வாங்கிக்கொண்ட குழுவில் முதல் 40 நாட்களுக்குள் 17 சதவீதம் பேர் வேலையை விட்டுவிட்டார்கள். மாற்றத்தை வகுப்பதில் எல்லோரும் கலந்துகொண்ட குழுக்களோ பழைய உற்பத்தி அளவையே தாண்டிப் போயின. நிர்வாகத்திடம் இதைச் சொல்லித்தான், அபராதத்தை நிறுத்திவைத்துப் பெண்களிடம் பேச அனுமதி வாங்கினேன்.

தேநீர் நேரத்தில் கொட்டகையில் உட்கார்ந்து பேசினோம். முதலில் யாரும் வாய் திறக்கவில்லை. பிறகு வயதில் மூத்த ஓர் அக்கா எழுந்து என்னை அழைத்துப்போய் ஓர் இடத்தைக் காட்டினார். கழிப்பறைச் சுவர் ஓரம் ஒரு பிளாஸ்டிக் கூடை. எல்லாருடைய வளையலும் பூவும் அதில்தான் கிடந்தன. மாலைக்குள் பூ கசங்கிவிடும், வளையல் ஆள் மாறிவிடும். "தாலி கட்டியவள் வெறுங்கையும் வெறுந்தலையுமாகப் பஸ் ஏறிப் போனால் ஊரில் என்ன நினைப்பார்கள் சார்?" என்று கேட்டார். இன்னொன்றையும் தயங்கித் தயங்கிச் சொன்னார்கள். வாசலில் கழுத்தையும் கையையும் பார்த்துச் சோதித்தவர் ஓர் ஆண் காவலாளி. எந்தப் பெண்தான் அதைப் பொறுத்துக்கொள்வாள்?

தீர்வையும் அவர்களே சொன்னார்கள். பெயர் எழுதிய மூடி டப்பா ஆளுக்கு ஒன்று, ஐஸ் அறையை ஒட்டி ஓர் அலமாரி, பக்கத்தில் கண்ணாடி. தாலிக்குக் கழுத்துவரை மூடிக் கட்டும் மேலங்கி. சோதிப்பதற்கு அவர்களுக்குள்ளேயே முறைவைத்து இரண்டு பேர். அலமாரிக்கான செலவு பெரிதாக ஒன்றுமில்லை. இப்போது யாராவது வளையலோடு வந்தால் பக்கத்தில் நிற்பவரே திருப்பி அனுப்பிவிடுகிறார். காலையில் கழற்றி வைத்த மல்லிகை மாலையில் வாடாமல் கிடைக்கிறது.

பாம்பன், விசைப்படகு உரிமையாளர்

கடலிலும் இதே கதைதான். பிடித்த மீனுக்கு ஐஸைத் தாராளமாகப் போடுங்கள் என்று ஆட்களிடம் சொல்லிச் சொல்லி அலுத்துப்போனேன். இறாலும் கணவாயும் கரைக்கு வரும்போது நிறம் மங்கி, ஏலத்தில் விலை இறங்கும். பொறுப்பில்லாதவர்கள் என்று சக உரிமையாளர்கள் திட்டுவார்கள். எங்கள் டிரைவர்தான் ஒருநாள் நேரடியாகச் சொன்னார்: "டீசல், ஐஸ், சாப்பாட்டுச் செலவைக் கழித்துவிட்டுத்தானே அண்ணே பங்கு பிரிக்கிறோம்? கூடுதலாக வாங்கும் ஒவ்வொரு ஐஸ் பாரும் எங்கள் பங்கிலிருந்தும் போகிறதே."

மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் 61 நாட்கள். அந்த நாட்களில் முன்பணம் வாங்கித்தான் இவர்கள் குடும்பம் ஓடுகிறது. கடனோடு கடலுக்கு வருகிறவன் ஐஸில் மிச்சம் பிடிக்கத்தான் பார்ப்பான். தடை முடிந்து படகு இறங்கியதும் ஐஸ் செலவை என் பங்கில் மட்டும் எழுதினேன். அதற்குப் பிறகு ஐஸ் பற்றி நான் பேசவேண்டிய தேவையே வரவில்லை. சங்காயத்துக்குக்கூட, அதாவது விலை போகாத கழிவு மீனுக்குக்கூட, ஐஸ் போட்டுக் கொண்டுவருகிறார்கள்!

வேதாளை, சதை பிரிக்கும் தொழிலாளி

மண்டபம் சார் எழுதியதைப் படித்ததும் மனதுக்கு நிறைவாக இருந்தது. நான் இருப்பது வேறு கம்பெனி. இங்கே சதையில் ஓட்டுத் துணுக்கு இருக்கக்கூடாது என்று தினமும் கண்டிப்பு. கூலியோ கிலோ கணக்கு. நிதானமாகத் துணுக்குப் பார்த்து எடுக்கிறவள் வீட்டுக்குக் குறைந்த பணம் கொண்டுபோகிறாள், அள்ளிப் போடுகிறவள் கூடுதலாகக் கொண்டுபோகிறாள். சுத்தமாக எடுத்த சதைக்குத் தனி விலை கொடுங்கள் என்று கேட்டோம், இன்னும் பதில் இல்லை. மேலாளர் கை கழுவாமல், தொப்பி போடாமல் மேசைவரை வருகிறார். புதிதாகச் சேர்ந்த சின்னப் பெண்கள் அதைப் பார்த்துத்தான் பழகுகிறார்கள்.

தரத்துக்கு ஏற்ற கூலி கொடுக்கும் கம்பெனி மண்டபம், ராமேசுவரம் வட்டாரத்தில் எங்காவது இருந்தால், கணக்கை எப்படி எழுதுகிறார்கள் என்று யாராவது விவரமாகச் சொல்லுங்கள். அடுத்த முறை கேட்கப் போகும்போது அதைக் கையில் எடுத்துக்கொண்டு போகவேண்டும்.