திண்ணையில் உட்கார்ந்ததற்கு இரண்டாயிரம்

கூட்டுறவு வங்கியில் காசாளராக இருந்து ஓய்வுபெற்றவன் நான். கும்பகோணத்துக்குப் பக்கத்தில் ஊர். தெருமுனை ஸ்டுடியோக்காரரின் மகன் ஒருநாள் வந்து, “மாமா, உங்கள் நரைத்தாடி படத்தில் நன்றாக எடுபடும், இரண்டாயிரம் தருகிறேன்” என்றான். சட்டை வேண்டாம், துண்டு போதும். கேமராவைப் பார்க்காமல் தெருக்கோடியைப் பார்க்க வேண்டும், வராத யாருக்கோ காத்திருப்பதுபோல. நன்றாக நடித்துவிட்டதாக எனக்குப் பெருமைகூட. பிறகு ஆங்கிலத்தில் ஒரு தாளை நீட்டினான். ‘மாடல் ரிலீஸ்’ என்று பெயராம், என் படத்தைப் பயன்படுத்திக்கொள்ள நான் தரும் சம்மதப் பத்திரம். முப்பது வருடம் அடுத்தவர் கையெழுத்தைச் சரிபார்த்துச் சம்பளம் வாங்கியவன், படிக்காமலே என் கையெழுத்தைப் போட்டேன்.

படங்களை இணையத்தில் விற்பனைக்கு ஏற்றும்போது ‘முதுமை’, ‘தனிமை’ என்று குறிச்சொற்கள் போட்டிருக்கிறான். எட்டு மாதம் கழித்து ஒரு முதியோர் இல்லத்தின் நன்கொடை விளம்பரத்தில் நான் உட்கார்ந்திருந்தேன். ‘பெற்ற பிள்ளை கைவிட்ட தந்தை.’

என் மகன் புனேயில் இருக்கிறான். மாதம் தவறாமல் பணம் அனுப்புகிறவன். அவனுடைய மாமனார் வீட்டு வாட்ஸ்அப் குழுவில்தான் அது முதலில் வந்தது. “அப்பாவை எங்கே விட்டிருக்கிறாய்?” என்று ஒரு பெரியவர் கேட்டிருக்கிறார். அவன் என்னிடம் கோபப்படவில்லை. “பணம் தேவைப்பட்டதா அப்பா? கேட்டிருக்கலாமே” என்று மட்டும் எழுதினான். தேவைப்படவில்லை. அதை அவனிடம் எப்படிச் சொல்வது?

ஸ்டுடியோப் பையன் நல்லவன்தான். படத்தை உடனே நீக்கிவிட்டான். ஏற்கெனவே உரிமம் வாங்கியவர்களிடமிருந்து மட்டும் திரும்பப் பெற முடியாதாம். ஹங்கேரியில் ஆண்ட்ராஸ் அராட்டோ என்ற மின்பொறியாளரும் இப்படித்தான் படத்துக்கு நின்றார். வலியை மறைத்துச் சிரிக்கும் கிழவராக உலகமே அவரைக் கேலிப்படம் ஆக்கியது. அவர் பிறகு அந்த முகத்தை வைத்தே விளம்பரங்களில் நடித்தார். எனக்கு அந்தச் சாமர்த்தியம் கிடையாது. திண்ணையில் உட்காருவதையே விட்டுவிட்டேன்.

இப்போதெல்லாம் மகன் வீடியோவில் அழைத்தால், பேசி முடிக்கும்வரை சிரித்த முகமாகவே இருக்கிறேன். போன வாரம் அவன் கேட்டான்: “என்னப்பா, உடம்பு சரியில்லையா?”