லோரி பிடிபட்டால் கேஸ் போடும்வரை காத்திருக்காதீர்கள்

பிறை லோரிக்காரரின் தம்பி:
அண்ணனின் லோரியை பினாங்கு ஜூரு பக்கம் சுங்கத் துறை அமலாக்க அதிகாரிகள் மடக்கினார்கள். ஏற்றியிருந்தது வெளிநாட்டு மதுப் பெட்டிகள். சரக்கு வேறொரு கம்பெனியுடையது, அண்ணனுக்கு வாடகை ஓட்டம் மட்டும்தான். வரி கட்டியதைக் காட்டும் கே1 படிவம் டிரைவர் கையில் இல்லை. கடத்தல் என்ற சந்தேகத்தில் சரக்கோடு லோரியும் போனது.

"கேஸ் போடட்டும், கோர்ட்டில் பார்த்துக்கொள்ளலாம்" என்று இருந்துவிடுகிறவர்கள் நம்மிடையே நிறைய. அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மலேசியாவின் 1967 சுங்கச் சட்டம், 128-ஆவது பிரிவு: வழக்கே தொடராவிட்டாலும், பறிமுதல் நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் உரிமையாளர் எழுத்து மூலம் உரிமை கோர வேண்டும். இல்லையென்றால் பொருள் அரசாங்கத்துக்குச் சொந்தமாகிவிடும். லோரிக்கும் இதே கதிதான். டிரைவர் முன்னிலையில் பிடித்திருந்தால் வீட்டுக்குத் தனியாக நோட்டீஸ் வரும் என்று நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

அண்ணன் உடனே லாயரைப் பார்த்து, கிரான் (வண்டியின் உரிமைப் பத்திரம்) நகலோடு சுங்கத் துறையிடம் உரிமை கோரும் கடிதம் கொடுத்து, பெற்றுக்கொண்ட முத்திரையும் வாங்கி வைத்தார். துறை விட்டுத்தரவில்லை, விவகாரம் மாஜிஸ்திரேட்டிடம் போனது.

"எனக்கு ஒன்றும் தெரியாது, நான் வண்டிக்காரன்" என்பது அங்கே போதாது என்று லாயர் முன்பே சொல்லிவிட்டார். குற்றம் நடந்ததா, அதற்கு இந்த வண்டி பயன்பட்டதா, அதைத்தான் பார்ப்பார்களாம். ஒரு பாவமும் அறியாதவன் வண்டியும் போகலாம் என்பது எனக்கு இன்றும் மனசு ஆறாத விஷயம். ஆகவே கே1-க்காகச் சரக்குக் கம்பெனியின் பின்னாலேயே அலைந்தோம். அவர்கள் இழுத்தடித்த இழுப்பு கொஞ்சமல்ல. கடைசியில் படிவம் வந்தது. பெட்டிகளின் எண்ணிக்கை, பிராண்டு எல்லாம் ஒத்துப்போயின. குற்றம் நிரூபணமாகவில்லை, லோரியை விடுவிக்க உத்தரவானது.

எடுக்கப் போனபோது பார்க்கச் சகிக்கவில்லை. பேட்டரி செத்திருந்தது. தார்ப்பாயைத் தொட்டால் தூளாகக் கொட்டியது. பின்சக்கரங்களுக்கு நடுவே லாலாங் புல் அச்சுவரை வளர்ந்திருந்தது. இத்தனை காலமும் பேங்க் தவணை மட்டும் நிற்கவில்லை.

செந்தூல் வேன்காரர்:
என் வேன் கோர்ட் வரை போகவில்லை. பிணை கொடுத்து இடைக்காலமாக வண்டியைத் திரும்ப வாங்கச் சுங்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. மூத்த அதிகாரி அனுமதிக்க வேண்டும், கேட்கும்போது வண்டியைக் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். எல்லோருக்கும் கிடைக்காது, ஆனால் கேட்காமல் இருக்காதீர்கள். கடன் முடியாத வண்டி என்றால் பேங்குக்கும் சொல்லிவிடுங்கள்.

பட்டர்வொர்த் அக்கா:
சேலத்தில் என் அத்தை மகனின் லோரி மணல் கேஸில் மாட்டியது. அங்கே 2002-இல் உச்ச நீதிமன்றம் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில், பிடித்த வாகனங்களைப் போலீஸ் நிலையத்தில் நெடுநாள் போட்டு வைக்கக்கூடாது, போட்டோ எடுத்து, பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டு விட வேண்டும் என்று சொன்னது. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 451-ஆவது பிரிவில் மனு போடுவார்கள், 2024 ஜூலையிலிருந்து அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தின் 497-ஆவது பிரிவு. அந்தத் தீர்ப்பு இங்கே நம்மைக் கட்டுப்படுத்தாது, இருந்தாலும் போட்டோ எடுக்கும் பழக்கத்தை நாமும் வைத்துக்கொள்ளலாம்.

பிறை லோரிக்காரரின் தம்பி:
சரியாகச் சொன்னீர்கள் அக்கா. இன்னொன்று, மானிய டீசல், சமையல் எண்ணெய் என்றால் பெரும்பாலும் 1961 விநியோகக் கட்டுப்பாட்டுச் சட்டம்தான் வரும், பிடிப்பதும் உள்நாட்டு வணிக அமைச்சின் ஆட்கள். எந்தச் சட்டத்தில் பிடித்தார்கள் என்று பறிமுதல் தாளில் பார்த்துக்கொண்டு லாயரிடம் போங்கள். கடிதத்தை யாருக்கு, எத்தனை நாளுக்குள் எழுதுவது என்பது அதைப் பொறுத்துத்தான்.