அரளிப்பூ வீட்ல வைக்கலாமா?

வாசல்ல செவ்வரளி நல்லா பூத்து நிக்குது, தினமும் சாமிக்கு பறிக்கிறோம். பையனுக்கு ரெண்டு வயசு, கீழ விழுந்த பூவ எடுத்து வாயில வைக்கப் போயிட்டான், அதுலேர்ந்து ஒரே பயம். வெட்டிடவா?

— பூ மட்டும் இல்லங்க, இலை, தண்டு, பால், வேர் எல்லாமே விஷம். ஒலியாண்ட்ரின்னு ஒண்ணு இருக்கு, இதய மாத்திரை டிகாக்சின் மாதிரி வேலை செய்யும், அளவில்லாம போனா வாந்தி, நாடி குறையும், இதயத்துடிப்பு தாறுமாறாகும். கேரளால 2024 மே மாசம் தேவஸ்வம் போர்டுகளே பிரசாதம், நைவேத்தியத்துல அரளி வேணாம்னு நிறுத்திட்டாங்க.

— மஞ்ச அரளிக்கொட்டை இன்னும் மோசம், இலங்கைல அத சாப்ட்டு ஆஸ்பத்திரிக்கு வந்தவங்க ஏராளம். வெட்டினா எரிச்சிடாதீங்க, புகையும் ஆகாது.

— எங்க பாட்டி காலத்துலேர்ந்து மாலை கட்றோம், ஒண்ணும் ஆகல. ஹைவே நடுவுல பூரா இதானே, ஆடு மாடு கிட்டயே போகாது 😀

— தொட்டா பெருசா ஒண்ணுமில்ல அக்கா, உள்ள போனாதான். கைய கழுவிடுங்க. புள்ள மென்னுட்டான்னா வாந்தி எடுக்க வைக்காம வாய தொடச்சிட்டு உடனே 108க்கு அடிங்க, செடியில ஒரு துண்டையும் எடுத்துட்டுப் போங்க.

— சரிங்க, ஞாயித்துக்கிழமை எடுத்துடறோம். அந்த இடத்துல செம்பருத்தி வைக்கப்போறேன்.