ஒரு புள்ளிக்கு இரண்டு விடைகள் எப்படி வருகின்றன?

ஈசூன் அம்மா:
வணக்கம். உயர்நிலை மூன்றில் படிக்கும் என் மகளின் பயிற்சித்தாளில் இருந்த ஒரு கணக்கு நேற்றிரவு எங்கள் இருவரையும் நெடுநேரம் உட்கார வைத்துவிட்டது. அ(2, 3), ஆ(ப, −5) ஆகிய புள்ளிகளுக்கு இடையிலான தொலைவு 10 அலகு எனில் ப-இன் மதிப்பைக் காண்க என்பது கேள்வி. அவள் 8 என்று எழுதினாள். விடைப் பக்கத்தில் 8 அல்லது −4 என்று இருக்கிறது. வர்க்கமூலம் எடுக்கும்போது கூட்டல் குறி, கழித்தல் குறி இரண்டையும் போட வேண்டும் என்று நான் சொன்னதை அவள் ஏற்றுக்கொண்டாள். ஆனால், “ஒரு புள்ளி ஓரிடத்தில்தானே அம்மா இருக்க முடியும்?” என்று கேட்டபோது எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அடுத்த கணக்கில், இ(1, 4), ஈ(7, 2) இரண்டுக்கும் சம தொலைவில் எக்ஸ் அச்சின்மீது உள்ள புள்ளியைக் கேட்கிறார்கள். அதற்கு மட்டும் (3, 0) என்று ஒரே விடை. இந்த வேறுபாட்டை யாரேனும் விளக்க முடியுமா?

துணைப்பாட ஆசிரியர்:
உங்கள் மகள் கேட்டது மிக நல்ல கேள்வி, அம்மா. சூத்திரத்தை ஒதுக்கிவைத்துவிட்டு ஒரு வரைபடத்தாளை எடுக்கச் சொல்லுங்கள். அ-வை மையமாகக் கொண்டு 10 அலகு ஆரமுள்ள வட்டம் வரைந்தால், அதன் விளிம்பில் உள்ள எல்லாப் புள்ளிகளும் அ-விலிருந்து 10 அலகு தொலைவில்தான் இருக்கும். ஆ-வின் ஒய் மதிப்பு −5 என்பதால், அந்த உயரத்தில் ஒரு கிடைக்கோடு போட வேண்டும். அது வட்டத்தை இரண்டு இடங்களில் வெட்டும். கேள்வி தரும் செய்தி இரண்டு இடங்களுக்கும் பொருந்துகிறது; புள்ளி எந்த இடத்தில் இருக்கிறது என்பதை அது சொல்லவில்லை, அவ்வளவுதான். அ-விலிருந்து அந்தக் கோட்டுக்குச் செங்குத்தாக இறங்கினால் 8 அலகு, நேர்த்தொலைவு 10. ஆகவே பக்கவாட்டில் 6. இரண்டிலிருந்து வலப்பக்கம் ஆறு நகர்ந்தால் 8, இடப்பக்கம் நகர்ந்தால் −4.

எழுதும்போது (ப − 2)² + 64 = 100 என்பதிலிருந்து (ப − 2)² = 36 என்ற வரிக்கு வந்ததும் நிறுத்தி, ப − 2 = ±6 என்று எழுதப் பழக வேண்டும். நான் திருத்தும் தாள்களில் மதிப்பெண் போவது பெரும்பாலும் இந்த ஒரு வரியில்தான். ‘ப ஓர் எதிர்ம எண்’ என்றோ, ‘ஆ மூன்றாம் கால்வட்டத்தில் உள்ளது’ என்றோ கேள்வியில் இருந்தால் மட்டுமே ஒரு விடையை நீக்கலாம்.

கூடுதல் கணித மாணவன்:
இரண்டாவது கணக்கைப் பற்றி மட்டும் சொல்கிறேன், ஆன்ட்டி. கேட்கும் புள்ளியை (ப, 0) என்று வைத்து, (ப − 1)² + 16 = (ப − 7)² + 4 என்று எழுதி விரித்தால் இரு பக்கமும் ப² அடிபட்டுப்போய் 12ப = 36 என்றாகிவிடுகிறது. இரு புள்ளிகளுக்கும் சம தொலைவில் உள்ள இடங்கள் எல்லாம் அவற்றின் மையக்குத்துக்கோட்டில், அதாவது அவற்றை இணைக்கும் கோட்டை நடுவில் செங்குத்தாக வெட்டும் ஒரு நேர்கோட்டில், இருக்கின்றன; அந்தக் கோடு எக்ஸ் அச்சை ஒரே இடத்தில்தான் வெட்டும்.

நில அளவையாளர்:
எங்கள் வேலையிலும் இதே நிலைதான். சிங்கப்பூரில் 2004 முதல் நாங்கள் பயன்படுத்தும் எஸ்விஒய்21 என்ற ஆயமுறை, அதாவது இடங்களை எண்களால் குறிக்கும் முறை, மீட்டரில் அமைந்தது. தீவின் நடுப்பகுதியில் உள்ள தொடக்கப் புள்ளிக்கே கிழக்கில் 28,001.642, வடக்கில் 38,744.572 என்று மதிப்புக் கொடுத்திருப்பதால், தீவில் எங்கு நின்றாலும் எதிர்ம எண் வருவதில்லை. ஆனாலும் இரண்டு குறியீட்டுக் கற்களிலிருந்து தொலைவை மட்டும் அளந்தால், அவற்றை இணைக்கும் கோட்டின் இருபுறமும் ஒவ்வோர் இடம் விடையாக வருகிறது. எந்தப் புறம் என்பதை மூன்றாவது கல்லிலிருந்து அளந்தோ, களத்தில் நேரில் பார்த்தோதான் முடிவு செய்கிறோம்.

ஈசூன் அம்மா:
அனைவருக்கும் மிக்க நன்றி. இன்று மாலை மகள் கவராயத்தைப் பத்துக் கட்டத்துக்கு விரித்து வட்டம் போட்டு, இரண்டு வெட்டுப்புள்ளிகளையும் சிவப்பு மையால் குறித்தாள். பிறகு தானாகவே கிடைக்கோட்டை ஒவ்வொரு கட்டமாகக் கீழே இறக்கிப் பார்த்தாள். −7-க்கு வந்தபோது கோடு வட்டத்தைத் தொட்டு மட்டும் நின்றது. “இங்கே ப-க்கு 2 மட்டும்தான் அம்மா, −8 என்றால் விடையே இல்லை” என்றாள்.