பொருள்: ஸ்க்ரப்பருக்குத் தமிழ்ச்சொல்: ‘கந்தகநீக்கி’ சரிதானா?

எழுதியவர்: பட்டியல் தொகுப்பாளர்

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

கப்பல்களின் காற்று மாசு பற்றிய கையேட்டுக்குச் சொற்பட்டியல் தயாராகிறது. அதில், எந்திரப் புகையைத் தண்ணீரால் கழுவும் ‘ஸ்க்ரப்பர்’ கருவிக்கு நேரே இப்போது ‘கந்தகநீக்கி’ என்று இருக்கிறது. அதை ஒட்டி ‘ஓப்பன் லூப்’ திறந்த வளையம், ‘குளோஸ்டு லூப்’ மூடிய வளையம், ‘வாஷ்வாட்டர்’ கழுவுநீர், ‘பிளீட் ஆஃப்’ கசிவு. அச்சுக்குப் போகும் முன் துறையில் இருப்பவர்கள் ஒருமுறை பார்த்துச் சொல்ல வேண்டும்.

துறைக்குப் புதியவர்களுக்காகச் சுருக்கமாக: 2020 ஜனவரி 1 முதல் கப்பல் எரிபொருளில் கந்தகம் 0.50 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. அதற்கு முன் 3.50 வரை அனுமதி இருந்தது. பால்டிக், வடகடல், வட அமெரிக்கக் கரையோரம் ஆகிய கட்டுப்பாட்டுப் பகுதிகளில் 2015 முதலே 0.10தான், 2025 மே 1 முதல் மத்தியதரைக் கடலும் அந்த வரிசையில் சேர்ந்துவிட்டது. ஆனால் கப்பல்களால் வரும் மாசைத் தடுக்கும் பன்னாட்டு ஒப்பந்தமான மார்போல் உடன்படிக்கையின் ஆறாம் இணைப்பில் நான்காம் விதி ஒரு மாற்றுவழி தருகிறது. உமிழ்வு அதே அளவுக்குக் குறையுமானால் வேறு கருவி பொருத்திக்கொள்ளலாம். கந்தகம் மிகுந்த கன எண்ணெயையே எரித்து, புகையைத் தண்ணீரால் கழுவி அனுப்பும் ஸ்க்ரப்பர் கப்பலுக்குள் வந்தது அந்த விதியின் பலத்தில்தான்.

எழுதியவர்: கப்பல் எந்திரப் பொறியாளர்

> ‘ஸ்க்ரப்பர்’ – கந்தகநீக்கி

இந்தச் சொல்லைப் பட்டியலிலிருந்து எடுத்துவிடும்படி வலியுறுத்திக் கேட்கிறேன். எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையில் எரிபொருளிலிருந்து கந்தகத்தைப் பிரித்து எடுக்கும் பகுதிக்கு அது பொருந்தும். அங்கே கந்தகம் தனிப்பொருளாகக் கைக்கு வருகிறது. கப்பலில் எதுவும் நீங்குவதில்லை. காற்றுக்குப் போக வேண்டியது கடலுக்குப் போகிறது, அவ்வளவுதான்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் தெளிவாகும். 10 மெகாவாட் சுமையில் ஓடும் முதன்மை எந்திரத்தை எடுத்துக்கொள்வோம். கிலோவாட் மணிக்கு 180 கிராம் வீதம், மணிக்கு 1.8 டன் எண்ணெய் எரிகிறது. கந்தகம் 3 சதவீதம் என்றால் அதில் 54 கிலோ கந்தகம். எரிந்தபின் அது 108 கிலோ கந்தக டைஆக்சைடு. இந்தப் புகை, புகைபோக்கிக் கூட்டுக்குள் நிற்கும் கோபுரத்தின் வழியே மேலேறும்போது எதிரே கடல்நீர் பொழிகிறது. மெகாவாட் மணிக்கு 45 கனமீட்டர் என்பது பன்னாட்டுக் கடல்சார் அமைப்பின் வழிகாட்டு நெறிகளில் அடிப்படையாகக் கொள்ளும் அளவு. ஆக, மணிக்கு 450 கனமீட்டர்.

கரைந்த டைஆக்சைடு முழுவதும் ஆக்சிஜனேற்றம் அடைந்தால் ஏறக்குறைய 165 கிலோ கந்தக அமிலத்துக்குச் சமம். அதை நடுநிலையாக்க 3,375 மோல் அளவு காரத்தன்மை வேண்டும். கடல்நீரில் இயல்பாக இருப்பது கனமீட்டருக்கு 2.3 மோல் அளவு. 450 கனமீட்டருக்கு 1,035. அதாவது தேவையில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை. கோபுரத்திலிருந்து இறங்கும் நீரின் பிஎச் 3-ஐ ஒட்டி இருப்பதற்கு இதுதான் காரணம். மிச்சம் மூன்றில் இரண்டு பங்கு வேலையைக் கப்பலுக்கு வெளியே இருக்கும் கடல்தான் செய்கிறது. ஒவ்வொரு மணி நேரத்துக்கும் இன்னொரு ஆயிரம் கனமீட்டர் கடல்நீரின் காரத்தன்மை இதற்குச் செலவாகிறது. விதியும் இதை அறிந்தே எழுதப்பட்டது. பிஎச் 6.5 இருக்க வேண்டும் என்பதைக் குழாய் வாயிலேயே அளந்து காட்டலாம். இல்லையேல், நின்றிருக்கும் கப்பலின் வெளியேற்று வாயிலிருந்து 4 மீட்டர் தள்ளி அது எட்டப்படுகிறது என்று நிறுவிக் காட்டலாம்.

இவ்வளவையும் ‘நீக்கி’ என்ற ஒரு சொல் மறைத்துவிடும். படிக்கிற மாணவர் கந்தகம் எங்கே போயிற்று என்று கேட்கவே மாட்டார்.

‘தூய்மையாக்கி’ என்று யாராவது சொல்வதற்கு முன் அதையும் மறுத்துவிடுகிறேன். கரியமில வாயு இந்தக் கோபுரத்தைக் கிட்டத்தட்ட அப்படியே கடந்து போகிறது. பம்புகளை ஓட்டக் கூடுதல் எரிபொருள் வேறு. நைட்ரஜன் ஆக்சைடுகளிலும் பெரிய மாற்றம் இல்லை. என் பரிந்துரை: புகைக்கழுவி.

எழுதியவர்: தமிழாசிரியர்

புகைக்கழுவி நல்ல சொல். வரக்கூடிய இரண்டு ஆட்சேபங்களை நானே எழுப்பிப் பார்த்துவிடுகிறேன்.

ஒன்று, புகை என்றால் கண்ணுக்குத் தெரியும் கரும்புகைதானே, எந்திரத்திலிருந்து வருவது வளிமம் அல்லவா என்பது. நடைமுறையில் இந்த வேறுபாடு நிற்காது. வாகனப் புகைச் சோதனை என்கிறோம். அங்கே அளப்பது பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாத வாயுக்களைத்தான். கருவி இருக்கும் இடமே புகைபோக்கி. ‘வெளியேறு வளிமக் கழுவி’ என்று நீட்டினால் ஒரு பத்தியில் ஐந்து முறை எழுத யாருக்கும் கை வராது; மறுபடி ஸ்க்ரப்பருக்கே போய்விடுவார்கள்.

இரண்டு, ‘கழுவி’ வினையெச்சமும் ஆகுமே, குழப்பாதா என்பது. வடிகட்டி, இடிதாங்கி, புகைபோக்கி எல்லாமே அந்த அமைப்புதான். ‘நீரை வடிகட்டிக் குடித்தான்’ என்பதையும் ‘வடிகட்டி அடைத்துக்கொண்டது’ என்பதையும் யாரும் குழப்பிக்கொள்வதில்லை. ஒற்று மட்டும் விடக் கூடாது. ‘புகைக்கழுவி’ ஒரே சொல்லாக, ‘க்’ போட்டு எழுத வேண்டும். வேற்றுமை உருபுகளும் சிக்கலில்லாமல் ஏறுகின்றன: புகைக்கழுவியில், புகைக்கழுவிக்கு, புகைக்கழுவிகளின்.

‘தேய்ப்பான்’, ‘உரசி’ என்று மூலச்சொல்லைப் பார்த்துச் செய்தவை சில இடங்களில் கண்ணில் படுகின்றன. கோபுரத்துக்குள் எதுவும் எதையும் தேய்க்கவில்லை. அவற்றைப் பேச வேண்டியதே இல்லை.

எழுதியவர்: வேதியியலாளர்

> திறந்த வளையம், மூடிய வளையம்

பொறியாளர் சொன்னதை ஏற்று அடுத்ததற்குப் போகிறேன். ‘ஓப்பன் லூப்’ முறையில் வளையமே கிடையாது. கடல்நீர் ஒரு பக்கம் ஏறுகிறது, கோபுரத்தில் ஒருமுறை பொழிகிறது, மறுபக்கம் கடலில் விழுகிறது. ‘திறந்த வளையம்’ என்றால் என்ன படம் மனத்தில் வரும்? நீர் ஓடிப் போய்விடுகிறது. எனவே ஓடுநீர்க் கழுவி.

மற்றதில் நன்னீர் சுற்றிச் சுற்றி வருகிறது. கடல்நீரின் இயல்பான காரத்தன்மைக்குப் பதிலாக எரிசோடா (சோடியம் ஹைட்ராக்சைடு) சேர்க்கிறோம். மேலே சொன்ன அதே 54 கிலோ கந்தகத்துக்கு மணிக்கு 135 கிலோ எரிசோடா, அதாவது 50 சதவீதக் கரைசலாக 270 கிலோ. நாளைக்கு ஆறரை டன். அந்தக் கரைசல் ஏறத்தாழ 12 பாகை செல்சியஸுக்குக் கீழே படிகமாகத் தொடங்கும். குளிர்ந்த கடலில் தொட்டியையும் குழாயையும் வெதுவெதுப்பாக வைக்காவிட்டால் ஊசிவால்வு முதலில் அடைக்கும். சுற்றும் நீர் சூடாவதால் கடல்நீர் வெப்பமாற்றி ஒன்றும் வேண்டும். அது போதாவிட்டால் கோபுரத்திலிருந்து நீராவியாகவே நன்னீர் இழப்பு ஏறும்.

இதற்குச் ‘சுழல்நீர்க் கழுவி’ என்று முதலில் தோன்றியது. ஆனால் ‘சுழல்’ என்பதைச் சுழன்று பிரிக்கும் கருவிகளுக்கு ஏற்கெனவே கொடுத்துவிட்டோம். இதே அமைப்பில் கசடைப் பிரிக்க அப்படி ஒன்று இருக்கவும் இருக்கிறது. அதனால் மீள்நீர்க் கழுவி.

> பிளீட் ஆஃப் – கசிவு

இது ஆபத்தான மொழிபெயர்ப்பு. கசிவு என்றால் எந்திர அறையில் ஓட்டை தேடுவார்கள். சுற்றும் நீரில் சோடியம் சல்பேட்டும் கரியும் சேர்ந்துகொண்டே போவதால் ஒரு சிறு பகுதியை வேண்டுமென்றே வெளியே எடுத்துவிட்டு, அந்த அளவுக்கு நன்னீர் சேர்க்கிறோம். மெகாவாட் மணிக்கு அரைக் கனமீட்டர்கூட வராது. இதை வடிப்புநீர் என்போம். வடிப்பது ஒருவர் செய்யும் செயல், தானாக நடப்பது அல்ல. வடிப்புநீரிலிருந்து பிரியும் கசடு கரையில் இறக்கப்பட வேண்டும். கப்பலின் எரிகலத்தில் எரிக்க விதி இடம் தராது. எண்ணெய்க் கசடுத் தொட்டியோடு கலந்துவிடக் கூடாது என்பதால் பட்டியலில் ‘கழுவிக்கசடு’ என்று தனி உள்ளீடாகவே போடலாம்.

எழுதியவர்: தமிழாசிரியர்

ஓடுநீர், மீள்நீர் இரண்டும் எனக்குச் சம்மதம். ‘கழுவுநீர்’ மட்டும் உறுத்துகிறது. வினைத்தொகை, கழுவுகின்ற நீர், கழுவிய நீர் இரண்டும் அதுவே. கோபுரத்துக்குள் போகும் நீரா, வெளியே வரும் நீரா? பழைய சொல் ‘கழுநீர்’ கழுவியபின் உள்ளதையே குறிக்கும், ஆனால் பூவின் பெயரோடு ஒட்டிக்கொண்டுவிட்டது.

எழுதியவர்: கப்பல் எந்திரப் பொறியாளர்

இந்த இரண்டு நீரையும் பிரித்துச் சொல்லியே ஆக வேண்டும், ஏனென்றால் அளவீடுகள் எல்லாம் இவற்றின் வித்தியாசத்தில்தான். கலங்கலும், எண்ணெய் முழுதாக எரியாததால் வரும் நச்சுச் சேர்மங்களான பல்வளைய அரோமாட்டிக் ஹைட்ரோகார்பன் அளவும் உள்ளே வரும் நீரோடு ஒப்பிட்டே தீர்மானிக்கப்படுகின்றன. கலங்கல், உள்நீரைவிட 25 கலங்கல் அலகுக்கு (என்டியு) மேல் கூடக் கூடாது. ஹைட்ரோகார்பன், மெகாவாட் மணிக்கு 45 டன் நீரோட்டத்தில், லிட்டருக்கு 50 மைக்ரோகிராமுக்கு மேல் கூடக் கூடாது. ஆற்று முகத்துவாரத்தில் சேற்றுநீரை இழுக்கும்போது உள்நீர் அளவைப் பார்க்காமல் வெளிநீரை மட்டும் பார்த்தால் எச்சரிக்கை மணி வீணாக அடிக்கும். உள்நீர், வெளியேற்றுநீர் என்று வைத்துக்கொள்ளலாம். 2021 வழிகாட்டு நெறிகளே ‘வாஷ்வாட்டர்’ என்பதை விட்டு வெளியேற்றுநீர் என்ற பொருளிலான சொல்லுக்கு மாறிவிட்டன.

இன்னொரு சொல்லும் பட்டியலில் வேண்டும். கப்பலின் வெளித்தகட்டுக்கும் வெளியேற்று வால்வுக்கும் நடுவே பற்றவைத்திருக்கும் தடித்த குட்டைக் குழாய். இதை இடைக்குழாய் என்று முன்மொழிகிறேன். பிஎச் 3 உள்ள நீர் ஓடும் பாதை முழுக்கக் கண்ணாடியிழைக் குழாயாக இருந்தாலும், இந்தத் துண்டு எஃகுதான்; உட்பூச்சுதான் அதைக் காக்கிறது. பூச்சில் ஊசிமுனை அளவு விட்டுப்போனாலும், பூசுவதற்கு முன் மேற்பரப்பைச் சரியாகச் சுரண்டி எடுக்காவிட்டாலும், அமிலம் அந்த இடத்தைப் பிடித்துக் குடைகிறது. பொருத்திய சில மாதங்களிலேயே ஓட்டை விழுந்து எந்திர அறைக்குள் கடல்நீர் புகுந்த நிகழ்வுகள் பல. ஓட்டை வால்வுக்கு வெளிப்பக்கம் இருப்பதால் வால்வை மூடிப் பயனில்லை; நீர்மூழ்குநர் வெளியிலிருந்து அடைக்க வேண்டும், அல்லது உள்ளே பெட்டி கட்டிப் பற்றவைக்க வேண்டும். ‘வெளியேற்றுக் குழாய்’ என்று பொதுவாக எழுதிவிட்டால் எந்தத் துண்டின் தடிமனை மீயொலியால் அளப்பது என்று வாசகருக்குத் தெரியாமல் போகும்.

கோபுரத்தின் உச்சியில் நீர்த்துளிகளைப் பிடிக்கும் அடுக்குக்குத் ‘துளிபிடிப்பான்’ போதும். அது கரி ஏறி அடைத்தால் எதிரழுத்தம் கூடி எந்திரத்தையே பாதிக்கும் என்பதைக் குறிப்பில் சேர்க்க வேண்டும்.

எழுதியவர்: பட்டியல் தொகுப்பாளர்

சொற்களை வரிகளில் போட்டுப் பார்த்தேன்:

‘துறைமுக எல்லைக்குள் நுழையும் முன் ஓடுநீர்க் கழுவியை நிறுத்தி, கந்தகம் குறைந்த எரிபொருளுக்கு மாறவும்.’

‘மீள்நீர்க் கழுவியின் வடிப்புநீரைத் தேக்கத் தொட்டிக்குத் திருப்பியபின் வெளியேற்று வால்வு மூடியிருப்பதை உறுதி செய்க.’

‘வெளியேற்றுநீரின் கலங்கல் உயர்ந்தால் முதலில் உள்நீர் அளவைப் பார்க்கவும்.’

தடங்கல் இல்லாமல் வாசிக்க முடிகிறது. முதல் வரி இப்போது அவசரத் தேவை. சிங்கப்பூர் 2020 முதலே தன் துறைமுக நீரில் ஓடுநீர்க் கழுவிகளின் வெளியேற்றத்தைத் தடை செய்துவிட்டது. டென்மார்க்கும் சுவீடனும் 2025 ஜூலை 1 முதல் தங்கள் கடல் எல்லைக்குள் தடை செய்துள்ளன. ‘திறந்த வளையம்’ என்று எழுதினால் எதற்குத் தடை என்றே புரியாது.

ஒன்று பாக்கி. இரண்டு முறையிலும் ஓடக்கூடிய ‘ஹைப்ரிட்’ வகைக்குக் ‘கலப்புக் கழுவி’ என்று வைக்கலாமா?

எழுதியவர்: வேதியியலாளர்

கலப்பு வேண்டாம். இரண்டு நீரும் அங்கே கலப்பதில்லை. ஒரு நேரத்தில் ஒரு முறைதான். கடல்நீரை வடித்து, நன்னீர் நிரப்பி, எரிசோடா ஏற்றி, பிஎச் நிலைத்தபின்தான் மற்ற முறைக்கு வர முடியும். இந்த மாற்றத்துக்கு நேரம் பிடிக்கும் என்பதால் எல்லைக் கோட்டை எட்டும் முன்பே தொடங்க வேண்டும்; மாறிய நேரத்தையும் கப்பல் இருந்த இடத்தையும் பதிவேட்டில் எழுத வேண்டும். இருமுறைக் கழுவி என்று போடுங்கள். பதிவேட்டுப் பத்தியின் தலைப்பு ‘முறை மாற்றம்’ என்று இருக்கட்டும். ‘ஓடுநீர்’, ‘மீள்நீர்’ என்று இரண்டே தெரிவுகள் கீழே போதும்.